ஹைஃபனேட்: எழுதித் தயாரித்து இயக்குபவருக்குத் தமிழில் என்ன பெயர்?

ஹாலிவுட் தொழில் பத்திரிகைகளில் 'ஹைஃபனேட்' என்ற சொல் அடிக்கடி வரும். ஒரே படத்திலோ தொடரிலோ ஒன்றுக்கு மேற்பட்ட தலைமைப் பொறுப்புகளைத் தனி ஒருவராக ஏற்றிருப்பவர் என்பது அதன் பொருள். 'ரைட்டர்-டைரக்டர்', 'ரைட்டர்-புரொட்யூசர்-டைரக்டர்' என்று பதவிப் பெயர்களுக்கு நடுவே போடப்படும் சிறுகோட்டின் பெயர்தான் ஹைஃபன். அந்தக் கோடே ஆளுக்குப் பெயராகிவிட்டது. 'வெரைட்டி' பத்திரிகையின் தனிப் பேச்சுவழக்கில் இச்சொல்லுக்கு நெடுநாளாக இடமுண்டு. பாடி நடிப்பவரையும் அதில் இப்படிச் சொல்வார்கள். ஆனால் எழுத்து, தயாரிப்பு, இயக்கம் ஆகியவை ஒருவரிடம் சேரும்போதுதான் சொல்லுக்குச் சட்டக் கனம் வருகிறது.

ஹைஃபன் கிரேக்கச் சொல். 'ஹுப்போ' என்றால் கீழ், 'ஹென்' என்றால் ஒன்று. இரண்டும் சேர்ந்து 'ஒன்றின் கீழ்', அதாவது 'சேர்த்து'. பழைய கிரேக்க ஏடுகளில் சொற்களுக்கு இடைவெளி விடும் வழக்கம் இல்லை. இந்த இரண்டையும் ஒரு சொல்லாகப் படி என்று காட்ட, எழுத்துகளுக்குக் கீழே ஒரு வளைகோடு இழுத்தார்கள். அமெரிக்காவில் இந்தக் கோடு ஒரு காலத்தில் வசைக்கும் பயன்பட்டது. 'ஜெர்மன்-அமெரிக்கர்', 'ஐரிஷ்-அமெரிக்கர்' என்று தம்மைச் சொல்லிக்கொண்ட குடியேறிகளை 'கோடு போட்ட அமெரிக்கர்கள்' என்று தியடோர் ரூஸ்வெல்ட் 1915-இல் நியூயார்க்கில் பேசிய பேச்சில் கடுமையாகத் தாக்கினார். இரண்டு பக்கமும் கால் வைத்திருப்பவர் யாருக்கு விசுவாசம் என்ற சந்தேகம் அந்தச் சொல்லில் இருந்தது. ஹாலிவுட் ஹைஃபனேட்டும் பின்னாளில் அதே சந்தேகத்துக்குத்தான் ஆளானார்.

ஸ்டுடியோக்கள் கோலோச்சிய காலத்தில் எழுதுகிறவர் மாதச் சம்பளக்காரர். எழுதிக் கொடுத்தால் அவர் வேலை முடிந்தது. படப்பிடிப்புத் தளத்தில் அவருக்கு இடமில்லை. பேசும் படக் காலத்தில் அந்தச் சுவரை உடைத்தவர்களில் முதன்மையானவர் பிரெஸ்டன் ஸ்டர்ஜஸ். தன் திரைக்கதையைப் பாரமவுண்ட்டுக்கு வெறும் 10 டாலருக்குக் கொடுத்தார். தானே இயக்க வேண்டும் என்பது மட்டுமே அவர் போட்ட நிபந்தனை. அந்தப் படம் 1940-இல் வெளியானது. அவருக்கு அசல் திரைக்கதைக்கான ஆஸ்கரும் கிடைத்தது.

இந்தப் பாதையை முழு நீளத்துக்கும் நடந்து காட்டியவர் பில்லி வைல்டர். 1906-இல் அன்றைய ஆஸ்திரிய-ஹங்கேரியில் பிறந்தவர். பெர்லினில் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தவர், 1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் பாரிஸுக்குத் தப்பினார். 1934-இல் ஹாலிவுட் வந்தார். சார்ல்ஸ் பிராக்கெட்டுடன் சேர்ந்து பாரமவுண்ட்டுக்கு எழுதினார். 1941-இல் வெளியான ஒரு படத்துக்கு, விசா கிடைக்காமல் எல்லையில் அடைபட்ட நாயகன் ஒரு கரப்பான்பூச்சியோடு பேசும் காட்சியை இருவரும் எழுதியிருந்தார்கள். பூச்சியோடு பேச மாட்டேன் என்றார் நடிகர். இயக்குநர் காட்சியை வெட்டிவிட்டார். எழுதியதைக் காக்க வேண்டுமானால் இயக்குநர் நாற்காலியில் தான் உட்கார்ந்தாக வேண்டும் என்ற வைல்டரின் பிடிவாதத்துக்கு இதுவும் ஒரு காரணம். 1942-இல் தன் முதல் ஹாலிவுட் படத்தை இயக்கினார். அப்போது எழுத்தும் இயக்கமும் மட்டுமே அவர் கையில் இருந்தன. அடுத்த சில ஆண்டுகளில் இருவரும் சேர்ந்து செய்த படங்களில் தயாரிப்பு பெரும்பாலும் பிராக்கெட்டிடம் இருந்தது. 1950-இல் இருவரும் பிரிந்தபின், 1951 முதல் தன் படங்களைத் தானே தயாரிக்கத் தொடங்கினார். 'தி அபார்ட்மென்ட்' படத்துக்காக 1961-இல் நடந்த விழாவில் தயாரிப்பாளர், இயக்குநர், ஐ.ஏ.எல். டயமண்டுடன் சேர்ந்து எழுதியவர் என்று மூன்று ஆஸ்கர்களைப் பெற்றார். ஒரே படத்துக்கு இம்மூன்றையும் பெற்ற முதல் ஆள் அவர்தான்.

முதலில் எழுத்து, பிறகு இயக்கம், கடைசியில் தயாரிப்பு. இந்த வரிசைக்குக் காரணம் உண்டு. இயக்கம் கையில் இருந்தால் காட்சியைக் காக்கலாம். தயாரிப்பும் கையில் இருந்தால்தான் நடிகர் தேர்வு, செலவு, படத்தொகுப்பு ஆகியவற்றில் மற்றவர் தலையீட்டைத் தள்ளிவைக்க முடியும்.

வெளியிலிருந்து பார்த்தால் ஓர் ஆள்; கோப்பில் பார்த்தால் மூன்று. எழுத்துக்கு எழுத்தாளர் சங்கமான டபிள்யூ.ஜி.ஏ.-வின் ஒப்பந்தம், இயக்கத்துக்கு இயக்குநர் சங்கமான டி.ஜி.ஏ.-வின் ஒப்பந்தம். இரண்டுக்கும் தனித்தனிக் குறைந்தபட்ச ஊதியம், தனித்தனி ஓய்வூதியப் பங்களிப்பு, மறு ஒளிபரப்புக்கான தனித்தனிப் பங்குத்தொகை. தயாரிப்பாளர்களுக்கும் சங்கம் இருக்கிறது, ஆனால் அது ஸ்டுடியோக்களோடு ஊதிய ஒப்பந்தம் பேசும் தொழிற்சங்கம் அல்ல. தயாரிப்புச் சம்பளத்தை அவரவர் பேசிக்கொள்ள வேண்டியதுதான்.

சிக்கல் பெரும்பாலும் பெயர் போடுவதில் வரும். இன்னொருவர் எழுதிய கதையைக் கையில் எடுத்து, இயக்குநர் நாலு பக்கம் திருத்திவிட்டு 'எழுத்து' என்று தன் பெயரையும் சேர்க்கப் பார்ப்பது பழைய வழக்கம். அதற்குக் கடிவாளம் போட, படத்தின் இயக்குநரோ தயாரிப்பாளரோ மற்ற எழுத்தாளர்களோடு சேர்த்து எழுத்துப் பெயருக்கும் முன்மொழியப்பட்டால், யாரும் புகார் கொடுக்காவிட்டாலும் அந்தப் படம் தானாகவே சங்கத்தின் நடுவர் குழுவுக்குப் போய்விடும். மூன்று எழுத்தாளர்கள் நடுவராக இருப்பார்கள். யார் நடுவர் என்பது வெளியே தெரியாது. பெயர்களை மறைத்து 'எழுத்தாளர் ஏ', 'எழுத்தாளர் பி' என்று குறிக்கப்பட்ட படிகளை எல்லாம் படித்துத் தீர்ப்பார்கள். பெயர் இல்லையென்றால் பிற்காலப் பங்குத்தொகையும் இல்லை என்பதால் இது வெறும் கௌரவப் பிரச்சினை அல்ல.

பெயர் அட்டையைப் படிக்கவும் ஒரு முறை இருக்கிறது. இரண்டு எழுத்தாளர் பெயர்களுக்கு நடுவே & குறி இருந்தால் இருவரும் ஒரே அணியாக உட்கார்ந்து எழுதினார்கள். 'அண்ட்' என்று எழுத்தில் இருந்தால் தனித்தனியே, பெரும்பாலும் ஒருவருக்குப் பின் ஒருவராக, எழுதினார்கள். 'ரிட்டன் பை' என்றால் கதையும் திரைக்கதையும் அவருடையவை. 'ஸ்க்ரீன்பிளே பை' என்றால் திரைக்கதை மட்டும்.

இயக்குநர் சங்கம் வேறொரு பக்கத்தில் வேலி போட்டிருக்கிறது. 1976-இல் வெளிவந்த 'தி அவுட்லா ஜோசி வேல்ஸ்' படத்தில், படப்பிடிப்பு தொடங்கியபின் இயக்குநர் பிலிப் காஃப்மன் நீக்கப்பட்டு, நாயகனாக நடித்த கிளின்ட் ஈஸ்ட்வுட்டே இயக்கத்தை ஏற்றார். அதன்பின், ஒரு படத்தில் ஏற்கெனவே வேலை செய்துகொண்டிருப்பவர் அதன் இயக்குநரை அகற்றிவிட்டு அந்த இடத்துக்கு வரக்கூடாது என்று விதி வந்தது. ஈஸ்ட்வுட் விதி என்றே அதைச் சொல்கிறார்கள். ஹைஃபனேட் ஆக வேண்டுமானால் முதல் நாளிலிருந்தே ஆக வேண்டும். பாதி வழியில் ஆக முடியாது.

இந்தச் சொல்லின் உண்மையான பாரம் வேலைநிறுத்தத்தின்போது தெரியும். எழுத்தாளர் என்ற வகையில் அவர் சங்கத்து ஆள். தயாரிப்பாளர் என்ற வகையில் நிர்வாகத்து ஆள். 1973 வேலைநிறுத்தத்தில், எழுதாமல் தயாரிப்பு, இயக்க வேலைகளை மட்டும் பார்க்கிறோம் என்று மறியலைத் தாண்டி உள்ளே போனவர்கள் மீது எழுத்தாளர் சங்கம் நடவடிக்கை எடுத்தது. வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போய், 1978-இல் 5-க்கு 4 என்ற கணக்கில் சங்கத்துக்கு எதிராகத் தீர்ப்பானது. இவர்கள் பணியாளர் குறைகளை நிர்வாகத்தின் சார்பில் தீர்த்துவைப்பவர்கள். இவர்களைச் சங்கம் தண்டித்தால், தன் பிரதிநிதியைத் தேர்ந்துகொள்ளும் முதலாளியின் உரிமையில் கை வைத்ததாகும் என்றது நீதிமன்றம். தீர்ப்பு வாசகத்திலேயே 'ஹைஃபனேட்' என்ற சொல் இருக்கிறது. பத்திரிகைக் கொச்சையாக இருந்தது சட்டச் சொல்லாக ஆகிவிட்டது.

எது எழுத்து, எது எழுத்து இல்லை என்பதுதான் அங்கே அசல் கேள்வி. எழுத்தாளர் ஒப்பந்தத்தில் 'ஏ முதல் ஹெச் வரை' என்று எட்டு வேலைகள் பட்டியலாக உள்ளன. நேரத்துக்காக வெட்டுவது, வெட்டிய இடத்தை ஒட்டவைக்கும் வரிகள், தொழில்நுட்பக் குறிப்புகளை மாற்றுவது, நடிகர் மாறினால் ஒருவர் வசனத்தை வேறு பாத்திரத்துக்குக் கொடுப்பது, சட்ட அனுமதிக்காகச் செய்யும் மாற்றம், படப்பிடிப்பின்போது வசனத்தில் சிறு சரிக்கட்டல், மழையோ விபத்தோ வந்தால் செய்யும் அவசர மாற்றம், எழுத்தாளருக்குக் கருத்துச் சொல்வது ஆகியவை அவை. சாதாரண நாளில், எழுதுவதற்கென்று அமர்த்தப்படாத ஒரு தயாரிப்பாளரோ இயக்குநரோ இவற்றைச் செய்தால் அது எழுத்து வேலையாகாது. வேலைநிறுத்தத்தில் சங்க உறுப்பினர்கள் இவற்றையும் செய்யக்கூடாது என்பது சங்கத்தின் விதி. 2023-இல் எழுத்தாளர்கள் மே 2 முதல் 148 நாள் வேலைநிறுத்தம் செய்தபோது, இயக்குநர் சங்கம் ஜூனிலேயே தனி ஒப்பந்தம் செய்துகொண்டது. எழுதி இயக்குபவர் ஒருவர் தளத்தில் 'ஆக்‌ஷன்' சொல்லலாம். ஆனால் தான் எழுதிய வசனத்தில் ஒரு வரியைத் தானே மாற்ற முடியாது.

இனித் தமிழுக்கு வருவோம். 'பன்முகக் கலைஞர்', 'சகலகலா வல்லவர்' இரண்டும் பாராட்டுகள். ஹைஃபனேட் என்பது திறமைச் சொல் அல்ல, பொறுப்புச் சொல். சுமாராக எழுதுபவரும் ஹைஃபனேட் ஆகலாம். 'அட்டாவதானி' ஒரே நேரத்தில் எட்டுச் செயல்களில் கவனம் செலுத்தும் நினைவுக்கலைஞர். 'இணை' என்று தொடங்கும் எந்தச் சொல்லும் ஆபத்து. நம் திரையுலகில் 'இணை இயக்குநர்' என்றால் இயக்குநருக்குக் கீழே வேலை செய்பவர், 'இணைத் தயாரிப்பாளர்' என்றால் தயாரிப்பில் இன்னொருவர். 'எழுத்தாளர்' என்பதும் தடுக்கும், ஏனென்றால் தமிழ் வாசகருக்கு அது நாவல், சிறுகதை எழுதுபவரையே முதலில் நினைவூட்டும். 'திரைக்கதையாசிரியர்' தெளிவு.

நம் செய்தித்தாள்களில் அதிகம் நடக்கும் பிழை, கோட்டை அப்படியே கொண்டுவந்து 'திரைக்கதையாசிரியர்-இயக்குநர்' என்று எழுதுவது. தமிழ் இலக்கணம் இதை வேறு விதமாகப் படிக்கும். 'கபிலபரணர்' என்றால் கபிலரும் பரணரும், இரண்டு பேர். 'உயர்திணை உம்மைத்தொகை பலர்ஈறே' என்பது நன்னூல். ஆள் பெயர்களை உம்மைத்தொகையாக அடுக்கினால் பலரைக் குறிப்பதே தமிழின் இயல்பு. 'திரைக்கதையாசிரியராகிய இயக்குநர்' என்று இருபெயரொட்டாக எடுத்துக்கொண்டால் ஒருவர்தான், ஆனால் வேகமாகப் படிப்பவர் அப்படி எடுத்துக்கொள்வார் என்று நம்ப முடியாது. 'திரைக்கதையாசிரியர் மற்றும் இயக்குநர் வந்தனர்' என்று வினையும் பன்மையாகிவிட்டால் ஒருவர் இருவராகவே ஆகிவிடுவார்.

கோட்டின் வேலையைத் தமிழில் வினையெச்சம் இன்னும் திடமாகச் செய்கிறது. 'எழுதித் தயாரித்து இயக்கியவர்' என்றால், எழுதியவரும் தயாரித்தவரும் இயக்கியவரும் ஒரே ஆள்தான். 'செய்து' என்னும் எச்சம் பெரும்பாலும் தன் எழுவாயையே முடிக்கும் வினைக்கும் எழுவாயாகக் கொள்ளும். தமிழ்ப் படங்களில் 'கதை, திரைக்கதை, வசனம், இயக்கம்' என்று ஒரே அட்டையில் அடுக்கி ஒரே பெயரைக் கீழே போடுவதும், அண்மைக்காலத்தில் 'எழுத்து, இயக்கம்' என்று சுருக்குவதும் இதே நோக்கத்துக்குத்தான். ஈழத்து வழக்கில் 'எழுத்தும் நெறியாள்கையும்' என்று இரண்டு உம் வரும். அங்கே உம் சேர்வது ஆளோடு அல்ல, வேலையோடு. அதனால் குழப்பம் இல்லை.

வகைப்பெயர் தேவைப்படும் இடங்களில், குறிப்பாக ஒப்பந்தம், வேலைநிறுத்தம் பற்றி எழுதும்போது, 'பல்பொறுப்பாளர்' என்று ஆளலாம். 'பொறுப்பு' என்பதில் கடமையும் உண்டு, நிர்வாகப் பதவியும் உண்டு. உச்ச நீதிமன்றம் பார்த்ததும் அந்த இரண்டாவது பொருளைத்தான். 'கூட்டுப்பொறுப்பாளர்' வேண்டாம், அது பலர் சேர்ந்து ஒரு பொறுப்பை ஏற்பது. அதற்குச் சரியான எடுத்துக்காட்டு கோயன் சகோதரர்கள். ஒரு படத்துக்கு ஒரே இயக்குநர் என்ற சங்க விதியால் 2004-க்கு முன்பு வரை இயக்கம் ஜோயல் பெயரிலும் தயாரிப்பு பெரும்பாலும் ஈதன் பெயரிலும் வந்தது, இரண்டு வேலைகளையும் இருவரும் சேர்ந்தே செய்தபோதும். அவர்களைப் பற்றி எழுதும்போது 'இருவரும் எழுதித் தயாரித்து இயக்கினார்கள்' என்று வினையில் மட்டும் பன்மையைக் காட்டினால் போதும். வைல்டருக்கு 'எழுதித் தயாரித்து இயக்கினார்'.