கவசத் தகடும் பெல்ட்டும்: எடையும் விசையும் போகும் வழி

துப்பாக்கிக் குண்டைத் தடுக்கும் உடை என்றவுடன் உடல் முழுவதையும் மூடும் தடித்த சட்டை ஒன்றுதான் பலருக்கும் நினைவுக்கு வரும். படைவீரர்களும் சிறப்புக் காவல் பிரிவினரும் இன்று அணிகிற பிளேட் கேரியர் மார்பில் ஒன்றும் முதுகில் ஒன்றுமாக இரண்டு கடினத் தகடுகளைப் பிடித்து வைத்திருக்கும் துணியுறை மட்டுமே. அமெரிக்கத் தரைப்படையின் நடுத்தர அளவுத் தகடு ஏறத்தாழ 24 சென்டிமீட்டர் அகலமும் 32 சென்டிமீட்டர் உயரமும் கொண்டது. அடிவயிறும் தோள்களும் விலாப்புறமும் அதன் காவலுக்கு வெளியே நிற்கின்றன. ஆகவே தகடு எதனால் ஆனது என்பதற்கு இணையாக, அது உடலில் எங்கே அமர்கிறது, அதன் எடை எந்த எலும்பின் வழியாகக் கீழே இறங்குகிறது என்பவையும் கவனிக்கப்பட வேண்டியவை.

முதலில் குண்டைப் பார்ப்போம். நேட்டோ படைகளின் 7.62 மில்லிமீட்டர் ரைபிள் குண்டு சுமார் 9.5 கிராம் எடையுடன் விநாடிக்கு 840 மீட்டர் வேகத்தில் வருகிறது. அதன் இயக்க ஆற்றல் ஏறக்குறைய 3,350 ஜூல். உந்தமோ வெறும் 8 கிலோகிராம்-மீட்டர்/விநாடி. 80 கிலோ எடையுள்ள ஒருவர் அந்த உந்தம் முழுவதையும் வாங்கிக்கொண்டாலும் விநாடிக்கு 10 சென்டிமீட்டர் வேகத்தில்தான் பின்னால் நகர்வார். குண்டடி பட்டவர் காற்றில் பறந்து சுவரில் மோதுவதாகத் திரையில் காட்டுவது இயற்பியலுக்குப் பொருந்தாது. உண்மையான ஆபத்து, அவ்வளவு ஆற்றலும் விரல் நுனியைவிடச் சிறிய பரப்பில் நுழைவதில் இருக்கிறது. ஆற்றலைக் குண்டிலிருந்து பிடுங்கிக்கொண்டு, எஞ்சும் உந்தத்தைப் பெரிய பரப்பில் பரப்பிவிடுவதே தகட்டின் வேலை.

இதைத் தகட்டின் இரண்டு அடுக்குகள் செய்து முடிக்கின்றன. முன்புறம் போரான் கார்பைடு அல்லது சிலிக்கான் கார்பைடு போன்ற பீங்கான். பின்புறம் மிகை மூலக்கூறு எடை கொண்ட பாலிஎத்திலீன் இழைகளை அடுக்கி அழுத்திய பலகை. போரான் கார்பைடு, குண்டுகளின் உள்ளே வைக்கப்படும் எஃகுத் துண்டைவிடப் பன்மடங்கு கடினமானது. அதன் அடர்த்தியோ கன சென்டிமீட்டருக்குச் சுமார் 2.5 கிராம், அதாவது எஃகின் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. மோதிய கணத்தில் குண்டின் முனை நசுங்கிச் சிதறுகிறது. பீங்கானும் உடைகிறது, ஆனால் அது உடைவதிலேயே பயன் இருக்கிறது: மோதிய புள்ளியிலிருந்து பின்னோக்கி விரியும் கூம்பு வடிவில் அது விரிசலிடுவதால், பின்னாலுள்ள இழைப்பலகையின் மீது விசை அகலமாக விழுகிறது. இழைகள் இழுபட்டு, எஞ்சிய துண்டுகளைப் பிடித்து நிறுத்துகின்றன. இத்தனையும் ஒரு விநாடியின் ஆயிரத்தில் ஒரு பங்குக்குள் முடிந்துவிடும்.

தகடு துளைபடாவிட்டாலும் அதன் பின்பக்கம் உடலை நோக்கிப் புடைக்கும். தகட்டுக்குப் பின்னால் களிமண்ணை வைத்துச் சுட்டு, பதிந்த பள்ளத்தின் ஆழத்தை அளந்து இதைச் சோதிக்கிறார்கள்; அமெரிக்க நீதித்துறையின் கீழுள்ள தேசிய நீதி நிறுவனம் வகுத்த தரநிலையில் உச்ச அளவு 44 மில்லிமீட்டர். இந்தியாவுக்கு 2018-இல் வெளியான ஐ.எஸ். 17051 என்ற தனித் தரநிலை உண்டு. எஃகுத் தகடுகள் மலிவு என்பதால் சிலர் அவற்றை நாடுகிறார்கள். அவற்றின் மீது சிதறும் குண்டுத் துணுக்குகள் மேற்பரப்பை ஒட்டியே பாய்ந்து கழுத்தையும் கைகளையும் கிழிக்கக்கூடும் என்பதால், அந்தச் சிக்கனத்தை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

இனி, தகட்டை எங்கே வைப்பது? இரண்டு காறை எலும்புகளும் சந்திக்கும் இடத்தில், தொண்டைக்குக் கீழே, விரலால் தொட்டு உணரக்கூடிய பள்ளம் ஒன்று இருக்கிறது. முன் தகட்டின் மேல் விளிம்பு அந்தப் பள்ளத்தை ஒட்டி நிற்க வேண்டும். இதயமும் அதிலிருந்து கிளம்பும் பெரிய இரத்தக் குழாய்களும் அதற்குச் சற்றுக் கீழேதான் இருக்கின்றன. தகடு நான்கு விரற்கடை இறங்கித் தொங்கினால், கணப்பொழுதில் உயிர்போக்கும் பகுதி திறந்துவிடும். மூடப்படுவதோ குடல் பகுதி. குடலில் படும் காயம் கொடியதே என்றாலும் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப் பெரும்பாலும் அவகாசம் தரும். புதியவர்கள் தோள்பட்டைகளைத் தளரவிட்டு, வயிற்றையும் சேர்த்து மறைத்துவிட்டதாக நினைத்துக்கொள்வது மிகப் பரவலான தவறு. பின் தகடு முன் தகட்டுக்கு நேராக வர வேண்டும். மிக உயர்ந்திருந்தால் தரையில் குப்புறப் படுக்கும்போது தலைக்கவசத்தின் பின்விளிம்பு அதில் இடித்து, தலையை நிமிர்த்த முடியாமல் போகும். பக்கப் பட்டையை இறுக்கும்போது மூச்சை முழுதாக இழுத்து நிறுத்திக்கொள்வது நல்லது. மூச்சை வெளியே விட்ட நிலையில் இறுக்கிய பட்டை, ஓடத் தொடங்கியதும் நெஞ்சுக்கூட்டை விரியவிடாது.

எடையின் கணக்கு இதைவிட நுட்பமானது. கவசத்தைத் துளைக்கும் குண்டு வகைகளையும் தாங்கவல்ல நடுத்தரத் தகடு ஒன்று சுமார் 2.5 கிலோ, இரண்டும் சேர்ந்து 5 கிலோ. ரைபிளில் செருகும் தோட்டாப் பெட்டியான மேகசின், நிரப்பிய நிலையில் ஒவ்வொன்றும் ஏறத்தாழ அரைக் கிலோ. ஆறு மேகசின்களை மார்பில் மாட்டினால், 3 கிலோ எடை முதுகெலும்பிலிருந்து சுமார் 25 சென்டிமீட்டர் முன்னால் தொங்குகிறது. அதைச் சமன்செய்ய வேண்டிய முதுகுத் தசைகள் முதுகெலும்பை ஒட்டி 5 சென்டிமீட்டர் தொலைவில் இருப்பதால், நெம்புகோல் விதிப்படி அவை ஐந்து மடங்கு, அதாவது 15 கிலோ எடைக்குச் சமமான விசையால் இழுத்துப் பிடிக்க வேண்டியிருக்கிறது. மாலைக்குள் முதுகு வலிப்பதில் வியப்பில்லை.

பெல்ட் இங்கேதான் உதவுகிறது. இடுப்பெலும்பின் மேல் விளிம்பு எடையைக் கால்களுக்கு நேரே கடத்தும். பெல்ட் அதன்மேல் உட்கார்ந்தால் தோளுக்கும் முதுகுக்கும் அந்த எடையில் பங்கில்லை. இதற்காக இரண்டு பெல்ட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அணிகிறார்கள்: காற்சட்டை வளையங்களுக்குள் மெல்லிய உட்பெல்ட், அதன் வெல்க்ரோவில் ஒட்டிக்கொள்ளும் விறைப்பான வெளிபெல்ட். விறைப்பு இல்லாவிட்டால் கைத்துப்பாக்கி உறை தொங்கும் இடத்தில் பெல்ட் மடங்கிச் சரியும். முதுகெலும்புக்கு நேரே கடினமான எதையும் மாட்டக் கூடாது. மல்லாந்து விழுந்தால் அதுவே முதுகெலும்பில் குத்தும். பெல்ட்டுக்கும் கேரியரின் அடிவிளிம்புக்கும் இடைவெளி விடுவதும் அவசியம். இல்லையேல் வாகனத்தில் உட்காரும்போது பெல்ட் கேரியரை மேலே தள்ள, தகடு தொண்டையில் முட்டும்.

தகடு காக்காத கைகால்களுக்கு இரத்தப்போக்கை நிறுத்தும் இறுக்குப்பட்டை துணை. தொடைத் தமனி அறுந்தால் சில நிமிடங்களில் உயிர் போகலாம் என்பதாலும், எந்தக் கை அடிபடும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது என்பதாலும், அதை இரண்டு கைகளுக்கும் எட்டும்படி பெல்ட்டின் முன்பக்கமோ கேரியரின் நடுவிலோ வைக்கிறார்கள். உடையை முழுதாக அணிந்து, உட்கார்ந்தும் படுத்தும், ஒவ்வொரு கையாலும் தனித்தனியே அதை எடுத்துப் பார்த்த பிறகே மற்றப் பைகளுக்கு இடம் ஒதுக்க வேண்டும்.