தானமாக வரும் படகையும் தட்டிப் பார்த்து வாங்குங்கள்

தானமாக வந்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்கக் கூடாது என்பார்கள். கண்ணாடியிழைப் படகுகளைப் பரிசோதிக்கும் தொழிலில் இருப்பவன் என்ற வகையில், வெளிநாட்டு உதவியாக வரும் படகுக்கு இந்தப் பழமொழி பொருந்தவே பொருந்தாது என்று திருகோணமலைக் கடற்றொழிலாளரிடம் தொடர்ந்து சொல்லி வருகிறேன்.

2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலை, இலங்கையின் மீன்பிடிக் கலங்களில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கை அழித்தோ சேதப்படுத்தியோ விட்டுச் சென்றது. அதன்பின் உதவி குவிந்தது. படகு கொடுப்பதே எல்லோர் கண்ணுக்கும் தெரியும் உதவி என்பதால், அனுபவமற்ற பட்டறைகளிலும் அவசர அவசரமாகப் படகுகள் வார்க்கப்பட்டன. கரையோரச் சிறு படகுகள் தேவைக்கு மேல் பெருகுவதையும் அவற்றின் தரக்குறைவையும் ஐக்கிய நாடுகள் உணவு விவசாய நிறுவனமே எச்சரித்தது. கிண்ணியாவில் நான் பார்த்த ஒரு படகில் நன்கொடையாளரின் பெயர் மங்காமல் இருந்தது. அடிப்புறத்திலோ பிசின் ஊறாத இழைகள் தும்பு தும்பாகக் கையோடு வந்தன. அதன் உரிமையாளர் இரண்டு பருவங்கள் பிறர் படகில் கூலிக்குப் போனார். அதை நினைக்கும்போது இன்றும் மனம் பொறுப்பதில்லை.

படகின் உடலை நாணயத்தால் அங்குலம் அங்குலமாகத் தட்டுங்கள். நன்றாக இறுகிய இடம் தெளிவாக ஒலிக்கும். இழை அடுக்குகள் பிரிந்த இடம் மந்தமாக ஒலிக்கும். இயந்திரம் பூட்டும் பின்பலகையை இன்னும் கவனமாகப் பார்க்க வேண்டும், ஏனெனில் உள்ளே மரம் வைத்து மூடியிருந்தால், அடைக்கப்படாத ஆணித்துளை வழியே நீர் இறங்கி, வெளியே எந்த அடையாளமும் காட்டாமலே மரம் உளுத்துவிடும். நீர் நிறைந்தாலும் மிதக்கச் செய்யும் நுரைப்பகுதி உண்மையில் நிரப்பப்பட்டுள்ளதா என்றும் கேளுங்கள். வாடைக்காற்றுக் காலத்தில் உயிர் அதைத்தான் நம்பியிருக்கிறது.

அதிக குதிரைவலு கொண்ட இயந்திரத்தைக் கண்டு மகிழ்பவர்கள் எரிபொருளையும் கணக்கிட வேண்டும். 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவாக ஒரே நாளில் உயர்ந்தபோது, எத்தனையோ பேர் கடலுக்குப் போவதையே நிறுத்தினார்கள். உதிரிப்பாகம் திருகோணமலைக் கடைகளிலேயே கிடைக்குமா, பிடித்த மீனுக்கு ஐஸ் எங்கிருந்து வரும் என்பவற்றுக்கும் உதவித் திட்டத்திலேயே பதில் இருக்க வேண்டும்.

இவற்றையெல்லாம் கையளிப்பு விழாவன்று கேட்டுப் பயனில்லை. உட்புறத்தில் வர்ணம் பூசிவிட்டால் காற்றுக் குமிழிகளும் உலர்ந்த இழைகளும் மறைந்துபோகும். ஆகவே வார்ப்பு நடக்கும் நாட்களிலேயே கூட்டுறவுச் சங்கத்தின் சார்பில் இருவர் பட்டறைக்குச் சென்று பார்ப்பதற்கான அனுமதியை, ஒப்பந்தம் எழுதும்போதே கேட்டுப் பெறுங்கள்.