மூன்று முறை கூப்பிட்டும் ஆளில்லை

பெரியவர் ஒருவர் புரோநோட் நகலோடு வக்கீலான என்னிடம் வந்தார். கொடுத்த பணத்தைக் கேட்டு அவர் போட்ட வழக்கு தள்ளுபடியாகி 128 நாள் ஆகியிருந்தது. மகளின் பிரசவத்துக்காக வெளியூர் போனவர் வாய்தாவை மறந்துவிட்டார். அவருடைய வக்கீலும் அன்று வேறு கோர்ட்டில். கோர்ட் சேவகரான டவாலி அவர் பெயரை மூன்று முறை கூப்பிட்டிருக்கிறார். பிரதிவாதி தரப்பு மட்டும் ஆஜர். அவ்வளவுதான்.

"அதனாலென்ன தம்பி, புதுசா ஒண்ணு போட்டுடலாமே?"

முடியாது. பிரதிவாதி வந்து வாதி வராமல் வழக்கு தள்ளுபடியானால், அதே காரணத்துக்கு மறுபடி வழக்குப் போட உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 9 தடை போடுகிறது. இரண்டு தரப்புமே வராமல் தள்ளுபடியானால் சங்கதி வேறு. காலவரம்பு மிச்சமிருந்தால் புதிதாகப் போடலாம். பெரியவருக்கு இருந்த வழி, பழைய வழக்கை மறுபடி கோப்புக்கு எடுத்து விசாரிக்கச் சொல்லி மனுப் போடுவதுதான். அதற்கு 30 நாள். நமக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்து. ஆகவே 98 நாள் தாமதத்தை மன்னிக்கக் கோரி இன்னொரு மனுவும் சேர்ந்துகொண்டது.

இந்த மனுக்களில் எழுதும் காரணம்தான் முக்கியம். "மஞ்சள் காமாலை, நாட்டு வைத்தியம் பார்த்தேன்" என்று எழுதி எழுதி, எங்கள் கோர்ட்டுகளில் அது சிரிப்புக்குரிய வியாதியாகிவிட்டது. உண்மையிலேயே காமாலை வந்தவர் பாவம்! நான் பேரனின் பிறப்புச் சான்றிதழையும் மகளின் ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சம்மரியையும் கேட்டு வாங்கி இணைத்தேன். நடந்ததை நடந்தபடி எழுதினால் போதும், காகிதம் பேசும்.

செக் மோசடி வழக்கில் இன்னும் ஆபத்து. புகார்தாரர் வராவிட்டால் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், விடுதலையே ஆகிவிடலாம். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், புகார்தாரர் வருவதற்கு 30 நாள் அவகாசம் கொடுத்த பிறகே அப்படிச் செய்யச் சொல்கிறது. ஆனால் விடுதலை என்று உத்தரவு வந்துவிட்டால், அதே மாஜிஸ்திரேட்டிடம் போய் 'திரும்ப எடுங்கள்' என்று கேட்க வழியில்லை, மேல்முறையீடுதான்.

உங்கள் வழக்குக்கு என்றே, அதை அடையாளம் காட்டும் 16 இலக்க சி.என்.ஆர். எண் இருக்கும். வக்கீலிடம் கேட்டு வாங்குங்கள். ஈ-கோர்ட்ஸ் செயலியில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா தெரிந்துவிடும். அப்புறம், செல்போன் எண்ணை மாற்றினால் வக்கீலிடம் சொல்லுங்கள். பாதிப் பேர் சொல்வதேயில்லை.

பெரியவரின் மனுவில் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போயிருக்கிறது. அந்த வாய்தாவுக்குக் காலை ஒன்பது மணிக்கே கோர்ட் வாசலில் வந்து நின்றார். கதவு இன்னும் திறக்கவில்லை.