அப்பா கடி: 'தந்தை நகைச்சுவை' வேண்டாம்

ஆங்கிலப் படத்தில் 'டாட் ஜோக்' (அப்பாக்கள் பிள்ளைகளிடம் அவிழ்த்துவிடும் ஒரு வரிச் சொல் விளையாட்டு) என்று வந்தால் சப்டைட்டிலில் உடனே 'தந்தை நகைச்சுவை' என்று போட்டுவிடுகிறார்கள். இரண்டு சொல்லும் தப்பு. மதுரையில் எந்தப் பிள்ளையும் அப்பாவைத் 'தந்தையே' என்று கூப்பிடுவதில்லை. நகைச்சுவை என்பதோ ஒரு சுவையின் பெயர், எண்ணக்கூடிய பொருள் அல்ல. எண்ணுவதற்குத் துணுக்கு இருக்கிறது, ஜோக் இருக்கிறது.

ஆங்கிலத்திலும் இது பழைய சொல் இல்லை. 1987 ஜூனில் அமெரிக்காவின் கெட்டிஸ்பர்க் டைம்ஸ் நாளேட்டில், இந்த ஜோக்குகளைத் தடைசெய்யாமல் போற்றிக் காக்கச் சொல்லி ஒரு கட்டுரை வந்தது. மெரியம் வெப்ஸ்டர் அகராதியில் ஏறியது 2019இல்தான். ஜப்பானியர் 'ஒயாஜி' ஜோக் என்கிறார்கள். அந்தச் சொல் அப்பாவையும் குறிக்கும், நடுவயது ஆணையும் குறிக்கும்.

'தந்தை நகைச்சுவை'யைக்கூட ஒதுக்கிவிடலாம். பெரிய இடைஞ்சல் 'மொக்கை ஜோக்'தான். மொக்கை என்றால் மழுங்கியது. மொக்கைக் கத்தி தக்காளியைக் கூட அறுக்காது. ஆக, மொக்கை ஜோக் என்பது சிரிக்கவைக்கப் பார்த்துத் தோற்ற ஜோக். அப்பா சொல்வது தோற்ற ஜோக் இல்லை. "ஐயோ அப்பா, போதும்" என்று பிள்ளை தலையில் அடித்துக்கொண்டால் அப்பா ஜெயித்துவிட்டார். அந்த முனகலுக்காகத்தான் அவர் சொன்னதே. 'அறுவை'யும் சேராது, அது நீளமாக இழுக்கும் பேச்சு. இது ஒரே வரியில் முடிந்துவிடும்.

நம்மிடம் ஏற்கெனவே 'கடி' இருக்கிறது. கேட்பவரைச் சுருக்கென்று கடிக்கும், காயம் இருக்காது. 'கடி' என்னும் உரிச்சொல்லுக்குத் தொல்காப்பியம் தரும் பத்துப் பொருளில் கூர்மையும் ஒன்று. இன்றைய கடி பல்லால் கடிப்பதிலிருந்து வந்ததுதான், ஆனாலும் மொக்கைக்கு நேர் எதிர்ப்பக்கம் நிற்கிறது. யார் கடிக்கிறார் என்று சேர்த்துச் சொன்னால் 'அப்பா கடி'. அது போதும்.

சொல்லை விடுங்கள், ஜோக்கையே வரிக்கு வரி பெயர்ப்பதுதான் இன்னும் வருத்தம். பிள்ளை "ஐ ஆம் ஹங்ரி" என்றால் ஆங்கில அப்பா "ஹாய் ஹங்ரி, ஐ ஆம் டாட்" என்பார். அதை "வணக்கம் பசி, நான் அப்பா" என்று எழுதுகிறார்கள். ஆங்கிலத்தில் பசியைச் சொல்வதும் பெயரைச் சொல்வதும் ஒரே வாக்கிய அமைப்பு. தமிழில் 'எனக்குப் பசிக்குது' வேறு, 'நான் இன்னார்' வேறு. அங்கே கடிக்கப் பல்லே இல்லை.

தமிழில் பல் இருப்பது சிலேடையில். ஒரே சொல் பிரியாமல் இரு பொருள் தந்தால் செம்மொழிச் சிலேடை, பிரித்தால் வேறு பொருள் வந்தால் பிரிமொழிச் சிலேடை. "மாட்டுத்தாவணில இறங்குறேன்ப்பா" என்று போனில் பிள்ளை சொன்னால், "மாடு என்ன கலர் தாவணிடா கட்டியிருக்கு?" இது முதல் வகை. தாவணி என்பதற்கு மாட்டுச்சந்தை என்ற பொருள் மறைந்துவருவதால் இந்தக் கடி இன்னும் ஓடுகிறது.

"எங்கயும் வேலை கிடைக்கலப்பா."

"திருப்பரங்குன்றம் போடா, முருகன் வேலை வச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு."

இது இரண்டாம் வகை, வேல் + ஐ. இதில் சொல் தேர்வு முக்கியம். 'வேலைக் கையில வச்சிருக்காரு' என்றால் இரண்டாம் வேற்றுமையில் 'க்' மிகுந்து வேலாயுதம் முன்கூட்டியே தெரிந்துவிடும். அடுத்த சொல் வகரத்தில் தொடங்கினால் ஒற்று மிகாது, பிள்ளையும் மாட்டிக்கொள்ளும்.