ஒரே ஒரு கிருமியைத் தனியே நிறுத்துவது எப்படி?

ரமலான் மாதம் வந்தால் எங்கள் தெருவில் ஏதாவது ஒரு வீட்டிலிருந்து கடல்பாசி வந்துவிடும். பாலும் சர்க்கரையும் சேர்த்துக் காய்ச்சி, கொஞ்சம் ரோஸ் எசென்ஸ் விட்டு, தட்டில் ஊற்றி ஆறவைத்து, சதுரம் சதுரமாக வெட்டியிருப்பார்கள். சின்ன வயதில் அதைத் தின்றதோடு சரி. பிற்பாடு நுண்ணுயிரியல் படிக்கப் போனபோது, ஆய்வகத்தில் ‘அகார்’ என்று லேபிள் ஒட்டிய பாட்டிலைக் கொடுத்துக் கரைக்கச் சொன்னார்கள். கொதி வந்ததும் மெல்லிய கடல்வாசனை எழுந்தது. அதே கடல்பாசிதான். பாலுக்கும் சர்க்கரைக்கும் பதிலாக இறைச்சிச் சாறும், பாதி செரித்த புரதமான பெப்டோனும், உப்பும்.

கடல்பாசி செய்தவர்களுக்கு அதன் குணம் தெரியும். ஃபிரிட்ஜ் வேண்டாம். வெயில் கொளுத்தும் நாளிலும் மேசை மேலேயே உறைந்துவிடும், உறைந்தால் உருகாது. நுண்ணுயிரியல் தன் காலில் எழுந்து நின்றதற்கு இந்தக் குணம் ஒரு பெரிய காரணம்.

கிருமிகளை மனிதர்கள் பார்த்தது இதற்கெல்லாம் வெகு முன்பே. ஹாலந்தின் டெல்ஃப்ட் நகரத்துத் துணி வியாபாரி லீவன்ஹூக், தானே தேய்த்துச் செய்த ஒற்றை லென்ஸ் வழியாக மழைநீரிலும் மிளகு ஊறிய நீரிலும் குட்டி உயிர்கள் நீந்துவதைப் பார்த்து, 1676-இல் லண்டன் ராயல் சொசைட்டிக்கு நீண்ட கடிதம் எழுதினார். 1683-இல் தன் பல்லிடுக்கு அழுக்கிலேயே பாக்டீரியாவைப் பார்த்து எழுதினார். ஆனால் ‘இந்த நோய்க்கு இந்தக் கிருமிதான் காரணம்’ என்று ஜெர்மன் மருத்துவர் ராபர்ட் கோக், கால்நடைகளைத் தாக்கும் ஆந்த்ராக்ஸ் நோய் விஷயத்தில் காட்டியது 1876-இல். நடுவில் சரியாக 200 வருஷம்! லென்ஸ்கள் மேம்படக் காலம் பிடித்தது உண்மைதான். அதைவிடப் பெரிய முட்டுக்கட்டை வேறு.

தேர்த் திருவிழாக் கூட்டத்தில் ஒருவர் பர்ஸ் பறிபோய்விட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். மாடியில் நின்று பார்த்தால் கூட்டம் நன்றாகவே தெரியும். திருடியவர் யார் என்று மட்டும் தெரியாது. ஒரு துளிச் சாக்கடை நீரும், ஒரு துளிச் சீழும் அப்படித்தான். உருண்டையாக, குச்சியாக, சுருளாகப் பல வகை உயிர்கள் ஒன்றாக நெளிகின்றன. அதில் எது நோயைத் தந்தது? எது சும்மா கூட வந்தது?

அன்னப்பறவைக் கழுத்துக் குடுவைகளை வைத்து, ‘கிருமி தானாக முளைப்பதில்லை’ என்று பிரெஞ்சு விஞ்ஞானி லூயி பாஸ்டர் 1860-களின் தொடக்கத்தில் நிரூபித்தார். அவர் கிருமிகளை வளர்த்தது சாற்றில், அதாவது திரவத்தில். திரவத்தில் எல்லாம் எல்லாவற்றோடும் கலந்துவிடும். வெளியிலிருந்து ஒரு வேண்டாத கிருமி விழுந்தாலும் பத்து மணி நேரத்தில் அதுவும் பெருகிவிடும். இன்று உருண்டையாகத் தெரிந்த சாறு நாளை குச்சியாகத் தெரியும். இதைப் பார்த்துவிட்டு, கிருமிகளுக்கு நிலையான இனமே கிடையாது, ஒன்று இன்னொன்றாக உருமாறும் என்று மியூனிக்கின் நேகெலி போன்ற பெரிய தாவரவியலாளர்களே வாதாடினார்கள். அவர்களைக் குறை சொல்லத் தோன்றவில்லை. கலந்துபோன சாறு அப்படித்தான் காட்டியிருக்கும்.

பிரிப்பதற்கு ஒரு வழியை பிரிட்டிஷ் அறுவை மருத்துவர் ஜோசஃப் லிஸ்டர் 1878-இல் செய்து காட்டினார். புளித்த பாலை நீரில் கலந்து, அதை மேலும் மேலும் நீர்க்கவைத்து, ஒரு துளியில் சராசரியாக ஒரு கிருமிகூட இல்லாத அளவுக்குக் கொண்டுபோனார். அந்தத் துளிகளைத் தனித்தனிக் குப்பிகளில் விட்டால், சில குப்பிகளில் ஒன்றும் வளராது. வளர்ந்தவற்றில் பெரும்பாலானவை ஒற்றைக் கிருமியின் வாரிசுகள். அழகான யோசனை. ஆனால் எது எண்ணிக்கையில் அதிகமோ அதுதான் மாட்டும். ஆயிரத்தில் ஒன்றாக ஒளிந்திருக்கும் நோய்க்கிருமியை இதில் பிடிக்க முடியாது.

கோக்குக்கு விடை கிடைத்தது உருளைக்கிழங்கில். வேகவைத்து வெட்டிய கிழங்கைத் திறந்து வைத்திருந்தபோது, அதன் முகத்தில் சின்னச் சின்னப் புள்ளிகள் முளைத்தன. ஒன்று மஞ்சள், ஒன்று வெள்ளை, ஒன்று சிவப்பு. ஒரு புள்ளியிலிருந்து துளியூண்டு எடுத்து நுண்ணோக்கியில் வைத்தால், அத்தனையும் ஒரே மாதிரி உயிர். காற்றிலிருந்து விழுந்த ஒரு கிருமி, விழுந்த இடத்திலேயே குடும்பம் பெருக்கியிருக்கிறது. அக்கம்பக்கத்தோடு கலக்க வழியில்லை, ஏனென்றால் தரை திடமானது. அவ்வளவுதான் விஷயம்! அந்தக் கூட்டத்துக்கு நாங்கள் சொல்லும் பெயர் காலனி.

இதன் கணக்கை ஒருமுறை போட்டுப் பாருங்கள். நம் குடலில் இருக்கும் ஈ.கோலை பாக்டீரியா, வசதி கிடைத்தால் 20 நிமிஷத்துக்கு ஒருமுறை இரண்டாகும். 10 மணி நேரத்தில் 30 முறை. ஒன்றில் தொடங்கி 30 முறை இரட்டித்தால் 107 கோடிக்கும் மேல் வரும். காலனி நெருக்கடியாகும்போது வேகம் குறைந்துவிடும் என்றாலும், கண்ணுக்கே தெரியாத ஒன்று மறுநாள் காலையில் கடுகளவுப் பொட்டாகி நிற்பது இப்படித்தான்.

கிழங்கில் எல்லாக் கிருமியும் வளராது. தவிர, அதன் ஊடாக ஒளி போகாது. அதனால் கோக் இறைச்சிச் சாற்றோடு ஜெலட்டினைக் கலந்து கண்ணாடிப் பலகை மேல் ஊற்றி உறையவைத்தார். 1881-இல் லண்டன் மருத்துவ மாநாட்டில் அவர் இதைச் செய்து காட்டியபோது பாஸ்டரே பாராட்டினார். ஆனால் ஜெலட்டினுக்கு இரண்டு கெட்ட குணம். மனித உடலின் கிருமிகள் விரும்புவது 37 டிகிரி. ஜெலட்டினோ 30 டிகிரி வருமுன்பே இளகிவிடும். போதாததற்கு அது ஒரு புரதம். பல கிருமிகள் அதையே செரித்துத் தண்ணீராக்கிவிடும். நின்ற தரை குளமாகிவிட்டால் எல்லாம் மறுபடி கலந்துவிடும்.

கோக்கின் ஆய்வகத்தில் அப்போது வால்டர் ஹெஸ்ஸே என்ற மருத்துவர் காற்றில் எத்தனை கிருமி இருக்கிறது என்று எண்ணிக்கொண்டிருந்தார். கண்ணாடிக் குழாயின் உட்புறம் ஜெலட்டின் பூசி, அதன் வழியே காற்றை இழுப்பார். கோடை வந்ததும் எல்லாம் வழிந்தோடியது. அவர் மனைவி ஃபேனி ஹெஸ்ஸே அமெரிக்காவில் வளர்ந்தவர். கணவரின் ஆய்வுக்கு உதவியாக இருந்தவர், கிருமிக் காலனிகளைத் துல்லியமாக வரைந்து கொடுத்தவர். உன் சமையலறை ஜெல்லி மட்டும் இந்த வெயிலில் எப்படி உருகாமல் நிற்கிறது என்று வால்டர் கேட்க, நான் போடுவது அகார்-அகார் என்றாராம் ஃபேனி. ஜாவாவில் இருந்துவிட்டு வந்த ஒரு டச்சுக் குடும்பத்திடம் சிறுவயதில் கற்றது என்று அந்தக் குடும்பத்தில் சொல்லி வந்திருக்கிறார்கள். அகார்-அகார் என்ற சொல்லே மலாய் மொழிச் சொல்.

வால்டர் கோக்குக்குத் தெரிவித்தார். 1882 மார்ச் 24 அன்று பெர்லினில் கோக் காசநோய்க் கிருமியை அறிவித்தார். அந்த ஆய்வுக் கட்டுரையில் அகார் பற்றி ஒற்றை வரி வருகிறது. (அந்தக் கிருமியை அவர் முக்கியமாக வளர்த்தது உறையவைத்த ரத்தச் சீரத்தில்தான், அதாவது ரத்தம் உறைந்தபின் பிரியும் தெளிந்த நீரில். அகாரில் வளர்த்தார் என்று பல இடங்களில் தவறாக எழுதுகிறார்கள்.) ஹெஸ்ஸே தம்பதியின் பெயர் அந்த வரியில் இல்லை. அவர்களுக்கு இதனால் பணமும் வரவில்லை. இன்றைக்கும் உலகத்தின் எந்த ஆஸ்பத்திரி லேபிலும் இருக்கும் ஒரு பொருளைக் கொண்டுவந்து சேர்த்த பெண்ணின் பெயர், அதைத் தினமும் கையாளும் மாணவர்களில் பலருக்குத் தெரியாது. இது எனக்கு உறுத்திக்கொண்டே இருக்கும் விஷயம்.

அகார் ஏன் இப்படி நடந்துகொள்கிறது? அது நீளமான சர்க்கரைச் சங்கிலி. கொதிநீரில் சங்கிலிகள் பிரிந்து தனித்தனியாக அலையும். 40 டிகிரிக்குக் கீழே வரும்போது இரண்டிரண்டாக முறுக்கிக்கொண்டு கயிறாகும். கயிறுகள் சேர்ந்து வலையாகும். வலைக் கண்களில் தண்ணீர் சிக்கிக்கொள்ளும். 100 மில்லி நீருக்கு ஒன்றரை கிராம் போதும். அந்த முறுக்கைப் பிரிக்க மறுபடி 85 டிகிரி வரை சூடாக்க வேண்டும். உறையும் சூட்டுக்கும் உருகும் சூட்டுக்கும் நடுவே இவ்வளவு இடைவெளி இருப்பதால், கிருமி வளர்க்கும் 37 டிகிரி சூட்டுப் பெட்டியான இன்குபேட்டரில் வாரக்கணக்காகக் கல் மாதிரி கிடக்கும். அப்புறம், இந்தச் சர்க்கரைச் சங்கிலியை வெட்டும் நொதி கடலில் வாழும் சில பாக்டீரியாக்களிடம் இருக்கிறது. நம்மை நோயில் தள்ளும் கிருமிகளிடம் அநேகமாக இல்லை. கிருமிக்குத் தரை வேண்டும், ஆனால் தரையைத் தின்னக் கூடாது. இரண்டுக்கும் அகார் பொருந்தியது.

கண்ணாடிப் பலகையை மட்டமாக வைத்து, ஊற்றி, மணி வடிவ மூடியால் மூடும் தொல்லையை 1887-இல் ஜூலியஸ் ரிச்சர்ட் பெட்ரி தீர்த்தார். ஒரு வட்டத் தட்டு, அதைவிடக் கொஞ்சம் அகலமான இன்னொரு தட்டு மூடியாக. இன்றும் அதேதான், பெரும்பாலும் பிளாஸ்டிக்கில்.

அந்தத் தட்டில் வேலை எப்படி நடக்கிறது என்றால், ஃபிளாஸ்க்கில் இருக்கும் சூடான அகார் கையில் பிடிக்கிற பதத்துக்கு ஆறியதும் ஊற்றுவோம். சீக்கிரம் ஊற்றினால் மூடியெல்லாம் வியர்த்துவிடும். உறைந்தபின், முனை வளையமாக இருக்கும் கம்பியைத் தீயில் சிவக்கக் காட்டி, அகார் ஓரத்தில் தொட்டால் ‘சுர்’ரென்று ஆறும். ஆறிய அந்தக் கம்பியால் மாதிரியைத் தொட்டு, தட்டின் ஒரு மூலையில் கோடு கோடாக இழுக்க வேண்டும். மறுபடி தீ. இப்போது புதிதாக எதையும் தொடாமல், முதல் கோடுகளின் நுனியிலிருந்து அடுத்த பக்கம் இழுக்க வேண்டும். மறுபடி தீ, மறுபடி கோடு. நான்காவது முறை கம்பியில் சொற்பக் கிருமிகள்தான் மிஞ்சும். அவை தள்ளித் தள்ளி விழும். கை லேசாக அழுத்தினாலும் அகார் கிழிந்துவிடும். எனக்கு முதல் வாரம் முழுக்கக் கிழிந்தது. பிறகு தட்டைக் கவிழ்த்து இன்குபேட்டரில் வைத்தால், மறுநாள் முதல் மூலையில் மாவு அப்பினாற்போல் இருக்கும், கடைசியில் தனித்தனி மணிகள் நிற்கும். முதன்முறை அந்த மணிகளைப் பார்த்த காலையை என்னால் மறக்க முடியாது.

திடத் தரை கைக்கு வந்த பிறகு அறிவியல் ஓடியது. 1884-இல் டைபாய்டு, டிப்தீரியா கிருமிகள். 1889-இல் ஜப்பானிய ஆய்வாளர் கிடாசாட்டோ டெட்டனஸ் கிருமியைப் பிரித்தார். 1894-இல் பிளேக் கிருமி பிடிபட்டது. இன்று ஆஸ்பத்திரியில் சிறுநீரை ‘கல்ச்சர்’ பார்க்கச் சொல்லி, இரண்டு நாள் கழித்து வரச் சொல்கிறார்களே, அந்த இரண்டு நாளும் ஒரு தட்டில் காலனி வளர்வதற்கும், அதற்கு எந்த மருந்து கேட்கும் என்று பார்ப்பதற்கும் ஆகிற நேரம்.

இந்த அகாரின் ஒரு முனை நம் கரையில் இருக்கிறது. ராமநாதபுரம் மாவட்டக் கடலோரத்தில் பெண்கள் முழங்காலளவு நீரிலும் ஆழத்திலும் மூழ்கி, பாறையில் ஒட்டியிருக்கும் பாசியைப் பறிக்கிறார்கள். பாறை கிழிக்காமல் இருக்க விரல்களில் துணி சுற்றிக்கொள்வார்கள். அவர்கள் மரிக்கொழுந்து என்றும் கஞ்சிப்பாசி என்றும் சொல்வது அகார் தரும் பாசிகளை. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானிலிருந்து அகார் வருவது நின்றபோது, பிரிட்டனும் நியூசிலாந்தும் தங்கள் கரைகளில் பாசி தேடி அலைந்தன. அவ்வளவு தேவை அதற்கு.

தட்டுக்கும் ஒரு எல்லை உண்டு. ஒரு சிட்டிகை மண்ணை நுண்ணோக்கியில் எண்ணினால் தெரியும் உயிர்களில், தட்டில் காலனியாக வருவது நூற்றில் ஒன்றுகூடத் தேறாது. மற்றவற்றுக்கு நம் சாறு ஒத்துவருவதில்லை, அல்லது அக்கம்பக்கத்துக் கிருமிகளின் துணை வேண்டியிருக்கிறது. இதற்கு அமெரிக்க ஆய்வாளர்கள் ஒரு வழி செய்தார்கள். நூற்றுக்கணக்கான நுண்துளைகள் கொண்ட சிறு சில்லில், துளைக்குச் சராசரியாக ஒரு கிருமியாக அடைத்து, இரு பக்கமும் மெல்லிய சவ்வால் மூடி, எடுத்த மண்ணுக்குள்ளேயே திரும்பப் புதைத்தார்கள். உணவு உள்ளே வரும், கிருமி வெளியே போகாது. 2015-இல் அறிவிக்கப்பட்ட டெய்க்ஸோபாக்டின் என்ற ஆண்டிபயாடிக், இப்படி வளர்ந்த ஒரு மண் பாக்டீரியாவிடமிருந்து கிடைத்தது. அந்தச் சில்லின் துளைகளில் கிருமியைப் பிடித்து நிறுத்தியிருந்ததும் அகார்தான்.