காடோ-காடோ செய்யும் முன் கடலையைப் பாருங்கள்

எடை குறைக்க வேண்டும், சர்க்கரை கட்டுக்குள் வர வேண்டும் என்று உணவு ஆலோசனைக்கு என்னிடம் வருபவர்களில் சிலர் இப்போது காடோ-காடோ பற்றிக் கேட்கிறார்கள். வேகவைத்த காய்கறி, டோஃபு (சோயா பனீர்), டெம்பே (புளிக்கவைத்த சோயாக் கட்டி), அவித்த முட்டை, மேலே வேர்க்கடலை சாஸ். 2018இல் இந்தோனேசியச் சுற்றுலா அமைச்சகம் தேசிய உணவுகளாக அறிவித்த ஐந்தில் இதுவும் ஒன்று. நல்ல சாப்பாடு, தாராளமாகச் செய்யலாம். ஆனால் எல்லோரும் எந்தக் காய் போடலாம் என்றுதான் கேட்கிறார்கள். கடலையைப் பற்றி யாரும் கேட்பதில்லை.

ஈரம் பட்ட வேர்க்கடலையில் ஆஸ்பெர்ஜில்லஸ் என்ற பூஞ்சை வளர்ந்தால் அஃப்ளாடாக்சின் என்ற நச்சு உண்டாகும். நாள்பட உடலில் சேர்ந்தால் கல்லீரல் புற்றுநோய் வரை கொண்டுபோகும். ஹெபடைடிஸ் பி உள்ளவர்களுக்கு ஆபத்து பல மடங்கு. வறுத்தால் போய்விடும் என்று நினைக்கிறோம். கொஞ்சம் குறையுமே தவிர, முழுதாகப் போகாது. அதனால் வறுப்பதற்கு முன்பே ஒரு தட்டில் பரப்பி, நல்ல வெளிச்சத்தில் பாருங்கள். சுருங்கியது, கறுத்தது, பச்சையும் மஞ்சளுமாகப் பொடி படிந்தது, பூச்சி அரித்தது எல்லாவற்றையும் எறியுங்கள். வறுத்துத் தோல் நீக்கியதும் இன்னொரு முறை பாருங்கள். உள்ளே பழுப்பேறிய பருப்பு அப்போதுதான் கண்ணில் படும். சாப்பிடும்போது ஒரு பருப்பு கசந்தால் துப்பிவிடுங்கள். சாஸில் அரைத்துவிட்டால் வெல்லமும் புளியும் அந்தக் கசப்பை மறைத்துவிடும். கண்ணுக்குத் தெரியாமலும் நச்சு இருக்கலாம் என்பதால், மூட்டையின் அடியில் நாள்பட்டுக் கிடந்த மலிவுக் கடலை வேண்டவே வேண்டாம்.

சரி, சாஸுக்கு வருவோம். ஜகார்த்தா தெருக்கடைகளில் எத்தனை மிளகாய் என்று கேட்டுக்கொண்டு, கண்ணெதிரே கல்லில் அரைத்துக் கொடுப்பார்கள். வீட்டில் மிக்ஸி போதும். நான்கு பேருக்கு 120 கிராம் கடலை, இரண்டு பல் பூண்டு, காரத்துக்கேற்ப மிளகாய், நெல்லிக்காய் அளவு புளி, இரண்டு தேக்கரண்டி தென்னை வெல்லம் அல்லது கருப்பட்டி, உப்பு. அங்கே கடலையை எண்ணெயில் பொரிப்பார்கள். நான் வெறும் சட்டியில் வறுக்கச் சொல்வேன். விட்டு விட்டு அரைத்து, கொஞ்சம் கரகரப்பாக எடுத்து, வெந்நீர் சேர்த்து ஊற்றும் பதத்துக்குக் கொண்டுவாருங்கள். கடைசியில் எலுமிச்சை பிழிந்தால் போதும்.

அளவை நான் வேண்டுமென்றே குறைத்திருக்கிறேன். 100 கிராம் வேர்க்கடலையில் சுமார் 567 கலோரி. ஆளுக்கு 30 கிராம் என்றால் கடலையிலிருந்தே 170 வந்துவிடுகிறது. சாலட்தானே என்று இன்னும் இரண்டு கரண்டி ஊற்றிக்கொண்டு, கூடவே அரிசியில் செய்த லொந்தோங்கும் பொரித்த அப்பளமும் வைத்தால், அது முழுச் சாப்பாட்டையும் தாண்டிவிடும். சர்க்கரை நோயாளிகள் உருளைக்கிழங்கு, லொந்தோங் இரண்டில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

காய்கறி சுலபம். முட்டைக்கோஸ், காராமணிக்காய், கீரை, சௌசௌ எல்லாம் தனித்தனியாக, கடிபதம் இருக்கும்படி வேகட்டும். முளைப்பயறை மட்டும் பச்சையாகப் போடாதீர்கள். முளை வளரும் ஈரமும் வெதுவெதுப்பும் பாக்டீரியாவுக்கும் தோதானவை. 2011இல் ஜெர்மனியில் முளைவிட்ட வெந்தயம் மூலம் பரவிய ஈ-கோலை தொற்றில் 50 பேருக்கு மேல் இறந்தார்கள். கர்ப்பிணிகள், வயதானவர்கள், சிறு குழந்தைகள் உள்ள வீட்டில் நன்றாகவே வேகவையுங்கள்.

விருந்தாளிகளுக்குச் செய்தால், பரிமாறும் முன்பே கடலை இருப்பதைச் சொல்லுங்கள். தெராசி என்ற இறால் விழுதும் சேர்த்திருந்தால் அதையும் சொல்லுங்கள். இறால் ஒவ்வாதவர்கள் இதில் இறால் இருக்கும் என்று எதிர்பார்க்க மாட்டார்கள். சாப்பிட்டவருக்கு உதடு வீங்கினாலோ, குரல் கம்மினாலோ, மூச்சு வாங்கினாலோ மாத்திரை கொடுத்துக் காத்திருக்காதீர்கள். உடனே மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள்.