பாஸ்புக்கில் நான்கு கம்பெனி, பார்த்தது ஒரே வேலை

வேலை போய்விட்டது என்று என்னிடம் வழக்குக்கு வருகிறவர்களிடம் முதலில் கேட்பது பி.எஃப். பாஸ்புக்கைத்தான். அப்பாயிண்ட்மென்ட் ஆர்டர் பெரும்பாலும் கையில் இருக்காது. பாஸ்புக்கை மொபைலிலேயே எடுத்துவிடலாம். ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கத்து ஆள் என்றால் அதில் என்ன இருக்கும் என்று திறக்கும் முன்பே ஓரளவு சொல்லிவிடுவேன். ஆள் ஒருவர், யு.ஏ.என். (வேலை மாறினாலும் மாறாத பி.எஃப். எண்) ஒன்று, நிறுவனங்கள் மட்டும் மூன்று நான்கு. ஒன்று ஏதோ என்டர்பிரைசஸ், அடுத்தது ஏதோ மேன்பவர் சர்வீசஸ். “எத்தனை கம்பெனி மாறினீங்க?” என்று கேட்டால், “நான் எங்க சார் மாறினேன், அதே மெஷின்தான்” என்பார்.

இவையெல்லாம் ஆலைக்கு ஆள் அனுப்பும் காண்ட்ராக்டர்களின் பெயர்கள். பெயர் ஏன் மாறுகிறது? பணிக்கொடை (கிராஜுவிட்டி) சட்டம் 1972-இல் வந்தது. ஒரே வேலையளிப்பவரிடம் ஐந்து வருடம் தொடர்ந்து வேலை செய்தால், வருடத்துக்கு 15 நாள் சம்பளம் என்று கணக்குப் போட்டுக் கொடுக்க வேண்டும். மூன்று வருடத்தில் காண்ட்ராக்டர் மாறிவிட்டால் அந்த ஐந்து வருடம் காகிதத்தில் நிறைவதே இல்லை. ஒன்பது வருடம் ஒரே லைனில் நின்றவருக்கும் இரண்டு மூன்று வருட சர்வீஸ்தான் கணக்கு. சம்பள உயர்வும் சீனியாரிட்டியும் அதே போலத்தான், ஒவ்வொரு முறையும் பூஜ்யத்திலிருந்து. பக்கத்து மெஷினில் நிற்கும் பெர்மனென்ட் ஆளுக்குச் சங்கம் ஒப்பந்தம் போட்டுச் சம்பளம் ஏற்றித் தருகிறது. காண்ட்ராக்ட் ஆட்களைச் சேர்த்துக்கொண்டால் பேரம் கெட்டுவிடும் என்று சங்கங்களே தயங்குகின்றன. வெளியே யாரும் சொல்ல மாட்டார்கள்.

இது ஏதோ ஒரு பேட்டையின் கதை இல்லை. மத்திய அரசின் வருடாந்திரத் தொழிற்சாலைக் கணக்கெடுப்புப்படி, 2000-களின் தொடக்கத்தில் ஆலைத் தொழிலாளர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவர் காண்ட்ராக்ட். இப்போது ஐந்தில் இரண்டு பேர். இந்த ஏற்றம் தானாக வந்ததல்ல. ஒப்பந்தத் தொழிலாளர் சட்டத்தின் பெயரிலேயே, 1970-இல், ‘ஒழிப்பு’ என்ற சொல் இருந்தது. நிரந்தரத் தன்மை கொண்ட வேலையில் காண்ட்ராக்டை அரசு தடை செய்யலாம் என்றது. தடை வந்தால் அந்த ஆட்கள் தானாகவே கம்பெனி ஆட்களாகிவிடுவார்கள் என்று 1996-இல் ஏர் இந்தியா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஐந்தே வருடம். 2001-இல் ஸ்டீல் அத்தாரிட்டி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது: தானாக ஆக மாட்டார்கள், காண்ட்ராக்ட் வெறும் போலி என்று தொழிலாளி நிரூபித்தால் மட்டுமே வழி உண்டு.

நிரூபிக்க வேண்டியது தொழிலாளி. ஆவணமெல்லாம் இருப்பது எதிர்த்தரப்பின் பீரோவில். என் அனுபவத்தில் பாதி வழக்குகள் இந்த இடத்தில்தான் சாய்கின்றன, சட்டம் சரியில்லாததால் அல்ல. கோர்ட் பார்க்கும் கேள்விகள் சாதாரணமானவை: வேலையை மேற்பார்த்தது யார், லீவு கொடுத்தது யார், தப்பு செய்தால் மெமோ கொடுத்தது யார், சம்பளம் உண்மையில் யார் பணம். பதில் எல்லோருக்கும் தெரியும். காகிதம்தான் இருக்காது.

அதனால் உள்ளே இருக்கும்போதே சேர்த்து வையுங்கள். கம்பெனி சூப்பர்வைசர் ஷிப்ட் போட்டு வாட்ஸ்அப் குரூப்பில் அனுப்பும் பட்டியல் நல்ல சாட்சி. வேலையை விட்ட அன்றே குரூப்பிலிருந்து தூக்கிவிடுவார்கள், ஆகவே முன்பே ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். கேட் பாஸ், கம்பெனி நடத்திய பயிற்சியின் சான்றிதழ், பஸ் பாஸ், பே ஸ்லிப், எதையும் தூக்கிப் போடாதீர்கள். பே ஸ்லிப்பில் பி.எஃப். இரண்டு முறை பிடித்திருக்கிறதா என்றும் பாருங்கள். நிர்வாகத்தின் பங்கையும் உங்கள் சம்பளத்திலிருந்தே பிடிப்பது சட்டப்படி குற்றம், ஆனால் சர்வசாதாரணம். காண்ட்ராக்டர் பி.எஃப். கட்டவே இல்லை, ஆளும் ஓடிவிட்டார் என்றால், பதில் சொல்ல வேண்டியது அவரை அமர்த்திய கம்பெனி.

சரி, 2025 நவம்பர் 21 முதல் நான்கு புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்துவிட்டனவே? முக்கிய உற்பத்தி வேலையில் காண்ட்ராக்ட் கூடாது என்று அதில் எழுதியிருக்கிறது. கீழேயே விதிவிலக்கு: திடீரென்று வேலை கூடினால் வைத்துக்கொள்ளலாம், அந்தத் தொழிலில் வழக்கமாகவே காண்ட்ராக்டர் மூலம் நடக்கும் வேலை என்றாலும் வைத்துக்கொள்ளலாம். இவ்வளவு காலம் வழக்கமாக்கியது யார்? 20 ஆள் இருந்தால் பொருந்திய காண்ட்ராக்ட் விதிகள் இனி 50 ஆள் இருந்தால்தான். அரசு அனுமதி இல்லாமல் ஆட்குறைப்பு செய்ய முடியாது என்ற பாதுகாப்பும் 100 பேர் ஆலையிலிருந்து 300 பேர் ஆலைக்கு ஏறிவிட்டது. அடிப்படைச் சம்பளத்தைக் குறைத்து அலவன்ஸை ஊதிக் காட்டும் வித்தைக்கு மட்டும் ஒரு கடிவாளம் போட்டிருக்கிறார்கள், அதை மறுக்கவில்லை.

ஒரு கணக்கு உடனே தெரிய வேண்டியது. வேலை நீக்கத்தை எதிர்த்துத் தனி ஆளாக லேபர் கோர்ட்டுக்குப் போக முன்பு மூன்று வருடம் அவகாசம் இருந்தது. புதிய சட்டத்தில் இரண்டு. காண்ட்ராக்டர் மாறும் நாளில் “கணக்கு முடிந்தது, இனி எந்தப் பாக்கியும் இல்லை” என்று ஒரு தாளை நீட்டுவார்கள். தொகை எழுதாத தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். போட்டே ஆக வேண்டும் என்று நெருக்கினால், வாங்கிய தொகையையும் தேதியையும் உங்கள் கைப்பட எழுதி, மொபைலில் ஒரு படம் எடுத்துவிட்டுப் போடுங்கள்.